விமானிச் சட்டைக்குப் பக்கத்தில் ஸ்டோருக்கும் இடம் கொடுங்கள்: செரண்டா வேலை வழிகாட்டிக் குழுவினருக்குத் திறந்த மடல்

மதிப்பிற்குரிய தலைவர், செயலாளர், செயலவை உறுப்பினர்கள் அனைவருக்கும் வணக்கம்.

வரும் பள்ளி விடுமுறையில் நம் சிலாங்கூர் மாநிலத்தின் செரண்டா, பத்தாங்காலி வட்டாரத்து மாணவர்களுக்காக நீங்கள் நடத்தப்போகும் வேலை வழிகாட்டி நாளின் அறிவிப்பைப் பார்த்தேன். மருத்துவம், சட்டம், கணினி, காவல்துறை என்று வரிசையாக இருக்கிறது. விமானத் துறைக்கும் ஒரு மேசை போட்டிருக்கிறீர்கள். நல்லது. ஆனால் அந்த மேசையில் உட்காரப் போகிறவர்கள் ஒரு விமானி, ஒரு விமானப் பணிப்பெண், தனியார் கல்லூரியிலிருந்து ஒருவர். அவ்வளவுதான். அந்த மேசையைப் பற்றிப் பேசத்தான் இந்த மடல்.

நானும் இந்த வட்டாரத்துத் தோட்டத்துப் பிள்ளைதான். சுபாங்கில் விமான உதிரிபாகங்களைப் பழுதுபார்க்கும் பட்டறையில் ஸ்டோர் வேலை பார்க்கிறேன். பொறியியலாளர் இல்லை. பாகம் வரும்; எண்ணுவேன், கூடவே வந்த தாளைச் சரிபார்ப்பேன், அலமாரியில் வைப்பேன், மெக்கானிக் கேட்டால் பதிவு போட்டு எடுத்துக் கொடுப்பேன். கல்யாண வீட்டில் இதைச் சொன்னால் "ஓ, ஸ்டோரா..." என்று இழுப்பார்கள். அது கிடக்கட்டும். இந்த ஸ்டோர் வேலையும் இதைச் சுற்றி இருக்கும் வேலைகளும்தான் இன்று உலக விமானத் துறையையே ஆட்டிப் படைக்கின்றன என்பதை நம் பிள்ளைகளுக்கு யாரும் சொல்வதில்லை.

கையில் காசு இருந்தும் விமானம் கிடைக்காத காலம் இது. ஆர்டர் கொடுத்துவிட்டு உலக விமான நிறுவனங்கள் காத்துக்கொண்டிருக்கும் விமானங்கள் 2024இல் 17,000ஐத் தாண்டிவிட்டன. புதியது வராததால் பழையதை ஓட்டுகிறார்கள். பழையது எண்ணெய் அதிகம் குடிக்கும், அடிக்கடி பட்டறைக்கு வரும். பாகம் எப்போது கிடைக்கும் என்று தெரியாததால் கண்டதையும் முன்கூட்டியே வாங்கிக் குவிக்கிறார்கள். இதற்கெல்லாம் சேர்த்து 2025ஆம் ஆண்டில் மட்டும் 1,100 கோடி அமெரிக்க டாலருக்கு மேல் கூடுதல் செலவு என்று பன்னாட்டு விமானப் போக்குவரத்துச் சங்கமான ஐயாட்டா, ஆலிவர் வைமன் என்ற ஆலோசனை நிறுவனத்தோடு சேர்ந்து கணக்குப் போட்டது. அதில் சுமார் 140 கோடி டாலர், பாகங்களை அதிகமாக வாங்கி அடுக்கி வைத்த செலவு. அதாவது என்னைப் போன்றவர்களின் அலமாரியில் தூங்கும் காசு. நம் நாடும் தப்பவில்லை. 2024 ஆகஸ்டில் மலேசியா ஏர்லைன்ஸ் குழுமம் ஆண்டுக் கடைசிவரை சேவைகளைக் குறைத்தது நினைவிருக்கும். பாகமும் போதவில்லை, தேர்ந்த ஆட்களும் போதவில்லை.

ஏன் இப்படி ஆனது? கோவிட் காலத்தில் விமானங்கள் தரையில் நின்றபோது அனுபவசாலிகள் வேலையை விட்டுப் போனார்கள். பலர் திரும்பி வரவில்லை. அது பாதிக் காரணம்தான். மீதியைப் புரிந்துகொள்ள விமானம் எப்படி உருவாகிறது என்று பார்க்க வேண்டும். போயிங் 747இல் 60 லட்சம் பாகங்கள் என்பது அந்த நிறுவனமே சொல்லும் கணக்கு. அதில் பாதி ஆணி, போல்ட் வகை. இறக்கை ஒரு நாட்டில், கதவு இன்னொரு நாட்டில், இயந்திரம் மூன்றாவது நாட்டில். எல்லாம் வந்து சேர்ந்தால்தான் வண்டி கிளம்பும். ஆயிரம் பாகம் வந்து ஒரு போல்ட் வராவிட்டாலும் நிற்க வேண்டியதுதான். அந்தப் போல்ட்டுக்குப் பதிலாகக் கடையில் கிடைப்பதை வாங்கிப் போட முடியாது. அங்கீகாரம் பெற்றவர்கள்தான் செய்ய வேண்டும், அப்படிப்பட்டவர்கள் உலகத்திலேயே ஒரு சிலர்தான். 2025 பிப்ரவரியில் அமெரிக்காவின் பென்சில்வேனியாவில் எஸ்பிஎஸ் டெக்னாலஜிஸ் என்ற போல்ட் தொழிற்சாலை தீப்பிடித்தது. எங்கோ ஒரு ஊரில் தீ. ஆனால் அதன் சரக்கை நம்பியிருந்த பெரிய பெரிய நிறுவனங்கள் கையிருப்பை எண்ண ஆரம்பித்துவிட்டன.

விமான இயந்திரம் செய்யும் பிராட் அண்ட் விட்னி நிறுவனத்தின் கதை இதைவிடப் பெரியது. ஏர்பஸ் ஏ320நியோ ரக விமானங்களுக்கு அவர்கள் செய்த இயந்திரத்தில், டர்பைன் தட்டு செய்யப் பயன்படும் உலோகப் பொடியில் மாசு கலந்திருந்தது. 2015 கடைசி முதல் 2021 வரை செய்த தட்டுகள். விஷயம் 2023 ஜூலையில் வெளியே வந்தது. தட்டில் கண்ணுக்குத் தெரியாத பிசிறு இருந்தால் நாளடைவில் விரிசல் விடலாம். ஆகவே இயந்திரத்தைக் கழற்றி, பிரித்து, ஒலியலையால் சோதிக்க வேண்டும். ஒரு இயந்திரம் இறங்கிப் பட்டறைக்குப் போய்த் திரும்ப 250 முதல் 300 நாள் ஆகும் என்றும், 2024 முதல் 2026 வரை சராசரியாக 350 விமானங்கள் தரையில் நிற்கும் என்றும் அந்நிறுவனமே அறிவித்தது. ஏற்கெனவே 2023 மே மாதத்தில் இந்தியாவின் கோ ஃபர்ஸ்ட், இதே ரக இயந்திரங்கள் வேண்டிய நேரத்தில் கிடைக்கவில்லை என்று சொல்லித் திவால் மனு போட்டிருந்தது.

இங்கே ஒன்றைக் கவனிக்கச் சொல்கிறேன். உலகம் முழுவதும் பறந்துகொண்டிருக்கும் ஆயிரக்கணக்கான இயந்திரங்களில் எந்தத் தட்டு சந்தேகத்துக்குரியது என்று எப்படிக் கண்டுபிடித்தார்கள்? ஒவ்வொரு தட்டுக்கும் வரிசை எண் உண்டு. அந்த எண்ணைப் பிடித்துக்கொண்டு போனால் எப்போது செய்தது, எந்த இயந்திரத்தில் ஏறியது, அது எந்த விமானத்தில் தொங்குகிறது என்று வந்துவிடும். யாரோ ஒரு ஸ்டோர் ஆள், யாரோ ஒரு தர ஆய்வாளர், அன்றைக்குச் சோம்பல்படாமல் எழுதி வைத்ததால் வந்தது அது.

எழுதி வைக்காவிட்டால் என்ன ஆகும்? 2024 ஜனவரி 5. அலாஸ்கா ஏர்லைன்ஸின் போயிங் 737 மேக்ஸ் 9, போர்ட்லண்டிலிருந்து கிளம்பிய சில நிமிடங்களில் கதவு தேவைப்படாத இடத்தை மூடியிருந்த அதன் பக்கவாட்டு அடைப்பு பிய்த்துக்கொண்டு போனது. உயிர்ச்சேதம் இல்லை, பெரும் புண்ணியம். அமெரிக்கப் போக்குவரத்துப் பாதுகாப்பு வாரியம் விசாரித்தது. அந்த அடைப்பு எங்கே செய்யப்பட்டது தெரியுமா? நம் மலேசியாவில். போயிங்குக்குப் பாகம் செய்து கொடுத்த ஸ்பிரிட் ஏரோசிஸ்டம்ஸின் மலேசியத் தொழிற்சாலையில் 2023 மார்ச் 24 அன்று முடித்து, மே 10 அன்று அமெரிக்காவின் விச்சிட்டாவுக்குப் போய்ச் சேர்ந்தது என்று நாள்வாரியாக அறிக்கையில் இருக்கிறது. விபத்துக்குக் காரணம் நம் ஆட்கள் செய்த வேலை இல்லை. அதன் பிறகு ரென்டனில் உள்ள போயிங் தொழிற்சாலையில், பக்கத்து ரிவெட்டுகளைச் சரிசெய்ய அந்த அடைப்பைத் திறந்தார்கள். மூடும்போது நான்கு போல்ட்டுகளைப் போடவில்லை. திறந்ததற்குத் தாள் இல்லை. யார் திறந்தது, யார் மூடியது, பதிவு எதுவும் இல்லை. கடல் கடந்து நாம் அனுப்பிய பாகத்தின் பிறந்த நாள் தெரிகிறது. அவர்கள் சொந்த வீட்டில் என்ன நடந்தது என்பது தெரியவில்லை. இந்தச் செய்தியைப் படித்த அன்று எங்கள் ஸ்டோரில் யாரும் சத்தமாகப் பேசவில்லை, ஆனால் எல்லோரும் அன்றைக்குக் கொஞ்சம் நிமிர்ந்து உட்கார்ந்தோம் என்றுதான் சொல்ல வேண்டும்.

நம் ஊர் பெரியவர்களுக்குப் புரியும்படி சொல்வதென்றால் தோட்டத்துச் செக்ரோல், அதாவது ஆள் வருகைப் பதிவேடு மாதிரி. நாள் முழுக்க ரப்பர் மரத்தில் பட்டை வெட்டிப் பால் எடுத்திருந்தாலும் கணக்கெழுதும் கிராணியின் செக்ரோலில் பெயர் ஏறாவிட்டால் அன்றைய கூலி இல்லை. விமானப் பாகமும் அப்படித்தான். பளபளவென்று புதிதாக இருக்கலாம், லட்சம் ரிங்கிட் விலை இருக்கலாம். தாள் இல்லையென்றால் அது பாகமே இல்லை, வெறும் இரும்பு.

அதனால்தான் தாளையே திருடுகிறவர்களும் கிளம்பியிருக்கிறார்கள். லண்டனில் இருந்த ஏஓஜி டெக்னிக்ஸ் என்ற நிறுவனம், பொய்ச் சான்றிதழோடு சிஎஃப்எம்56 ரக விமான இயந்திரங்களுக்குப் பாகங்கள் விற்றது 2023இல் அம்பலமானது. முதலில் சந்தேகப்பட்டது போர்ச்சுகல் நாட்டின் டிஏபி (TAP) என்ற விமான நிறுவனத்தின் பட்டறை ஆட்கள். தாள் புதியது என்கிறது, பாகத்தைப் பார்த்தால் பழையதாகத் தெரிகிறது. அந்த இடத்தில் "சரி விடு" என்று அலமாரியில் வைத்திருந்தால் அதோடு கதை முடிந்திருக்கும். அவர்கள் விடவில்லை. அதன் பிறகுதான் உலகம் முழுவதும் விமான நிறுவனங்கள் இயந்திரங்களைத் திறந்து பார்த்தன. பாகத்துக்குத் தட்டுப்பாடு வந்தால் இப்படிப்பட்டவர்களுக்கும் கிராக்கி வந்துவிடுகிறது. ஸ்டோர் ஆளுக்கு இன்னும் பெரிய கண் வேண்டியிருக்கிறது.

இந்த வேலை நாள்தோறும் எப்படி இருக்கும் என்று கொஞ்சம் சொல்கிறேன். ஓ-ரிங் என்று ஒன்று இருக்கிறது. விரல் நுனியில் அடங்கும் ரப்பர் வளையம், எண்ணெய் கசியாமல் அடைப்பது. ஒரு சின்ன உறையில் வரும். உறையை நான் கிழிக்கக் கூடாது. மேலே பாக எண், தொகுதி எண், ரப்பரைச் சுட்டுப் பதப்படுத்திய காலாண்டு எல்லாம் அச்சாகியிருக்கும். பாக எண்ணில் ஓர் எழுத்தோ இலக்கமோ மாறினாலும் அது வேறு வளையம். அளவு ஒன்றாகவே இருந்தாலும் ரப்பர் வேறாக இருக்கலாம், நம் எண்ணெயில் ஊறி உப்பிவிடலாம். கூடவே வரும் சான்றிதழில் 8ஆம் கட்டத்தில் பாக எண், 9இல் எத்தனை, 10இல் வரிசை எண், 11இல் அது புதியதா, பழுதுபார்த்ததா, சோதித்தது மட்டும்தானா, 12இல் குறிப்புகள். அனுபவமில்லாதவர் 8ஐயும் 9ஐயும் பார்த்துவிட்டுக் கையெழுத்துப் போடுவார். அனுபவம் உள்ளவர் முதலில் 12ஐப் படிப்பார். வில்லங்கம் எல்லாம் அங்கேதான் இருக்கும். ஏதாவது உதைத்தால் தனி அறையில், பூட்டிய கம்பி வலைக்குள் வைத்துவிடுவோம். மெக்கானிக் வந்து கெஞ்சினாலும் கொடுக்க மாட்டோம். கார்பன் இழைத் தகடு வேலை செய்யும் இடங்களில் இன்னொரு கூத்து. பிசின் ஏறிய அந்தத் துணிச்சுருளைப் பூஜ்யத்துக்குக் கீழே 18 பாகையில் உறைய வைத்திருப்பார்கள். வெளியே எடுத்த நிமிடத்திலிருந்து நேரம் ஓடும். வெளியே இருந்த மணிக்கணக்கை எல்லாம் கூட்டி எழுதிக்கொண்டே வர வேண்டும். வரம்பு தாண்டினால் குப்பை.

இதற்கு என்ன படிப்பு வேண்டும்? ஐந்தாம் படிவத்து எஸ்பிஎம் தேர்வில் தேர்ச்சி, குறிப்பை நிதானமாகப் படித்துப் புரிந்துகொள்ளும் ஆங்கிலம், எக்செல் கொஞ்சம், ஃபோர்க்லிஃப்ட் உரிமம் இருந்தால் நல்லது. அதிலிருந்து கொள்முதல், சரக்குத் திட்டமிடல், சுங்க ஆவணம், தர ஆய்வு என்று ஏறலாம். பாதி வழியில் டிப்ளோமாவும் படிக்கலாம். தொடக்கச் சம்பளம் பெரிதாக இருக்காது, அதை மறைக்க வேண்டாம். விமானம் தரையில் நின்றுவிட்டது, உடனே பாகம் வேண்டும் என்று இரவு இரண்டு மணிக்கும் தொலைபேசி அடிக்கும், அதையும் மறைக்க வேண்டாம்.

இந்தத் தொழிலைத் தேடி நம் பிள்ளைகள் சுபாங்குக்கும் சிப்பாங்குக்கும்தான் போக வேண்டும் என்பதும் இல்லை. நம் செரண்டாவிலேயே யூஎம்டபிள்யூ என்ற மலேசிய நிறுவனத்தின் தொழிற்பேட்டையில் ரோல்ஸ்ராய்ஸ் இயந்திரங்களுக்கு விசிறி உறை செய்கிறார்கள். 2015இல் 25 ஆண்டு ஒப்பந்தம், 2017இல் முதல் உறை வெளியே போனது. விசிறிக்கு வெளியே வளையமாக நிற்கும் பெரிய உறை அது. பறக்கும்போது விசிறித் தகடு ஒன்று உடைந்தால் வெளியே பாய்ந்து விமானத்தைக் கிழிக்காமல் பிடித்து நிறுத்துவது அதன் வேலை. அந்த விசிறியின் குறுக்களவு 2.8 மீட்டருக்கும் மேல். போயிங் 787இல் பூட்டும் ட்ரென்ட் 1000க்கும், ஏ330நியோவில் பூட்டும் ட்ரென்ட் 7000க்கும் இங்கிருந்து போகிறது. 2024 கடைசியில் மலேசியா ஏர்லைன்ஸுக்கு வந்து சேர்ந்த ஏ330நியோவில் இருப்பதும் ட்ரென்ட் 7000தான். நம் ஊர்ப் பக்கம் தோட்டங்களாக இருந்த காலத்தில் எல்லோர் வாயிலும் அடிபட்ட பெயர் சைம் டார்பி. 2023 டிசம்பரில் யூஎம்டபிள்யூவை வாங்கியதும் சைம் டார்பிதான். காலத்தின் விளையாட்டைப் பாருங்கள். அப்புறம், பால்மரத்தோடு நமக்கு இருந்த உறவும் விமானத்தில் அறுந்துவிடவில்லை: விமான டயரில் இன்றும் இயற்கை ரப்பர்தான் முக்கியமான சரக்கு. தரையைத் தொடும் நொடியில் ஏறும் சூட்டையும் பாரத்தையும் செயற்கை ரப்பர் மட்டும் தாங்காது.

இவ்வளவு பக்கத்தில் இருந்தும் நம் பிள்ளைகள் அந்தத் தொழிற்பேட்டை வாசலை மோட்டாரில் கடந்து போகும்போது அது கார் கம்பெனி என்றுதான் நினைக்கிறார்கள். அதில் பிள்ளைகள் குற்றம் இல்லை. நாம் யாரும் சொல்லவில்லை.

அதற்காக ஆகா ஓகோ என்று ஆசை காட்டவும் வேண்டாம். ஒரே வாடிக்கையாளரை நம்பி நிற்கும் தொழிற்சாலைக்கு அந்த வாடிக்கையாளர் தும்மினால் இங்கே சளி பிடிக்கும். போயிங் 787 உற்பத்தி குறைந்தால் உறையும் குறையும். 2024இல் போயிங்கின் சுமார் 33,000 தொழிலாளர்கள் ஏழு வாரங்களுக்கு மேல் வேலைநிறுத்தம் செய்தபோது அவர்களுக்குப் பாகம் அனுப்பும் ஊர்கள் சிலவற்றில் கைகட்டி உட்கார வேண்டிய நிலை வந்தது. அரசாங்கம் 2015இல் வெளியிட்ட விண்வெளி, விமானத் தொழில் திட்டம் 2030க்குள் 55.2 பில்லியன் ரிங்கிட் வருமானம், 32,000 உயர் வருமான வேலைகள் என்று இலக்கு வைத்தது. இலக்கு நல்லது. அந்த 32,000த்தில் செரண்டா, பத்தாங்காலி, ராசா பிள்ளைகள் எத்தனை பேர் என்பதுதான் என் கேள்வி.

இப்போது கசப்பான ஒரு விஷயம். எங்கள் பக்கத்து வீட்டுப் பையன் விமானப் பராமரிப்புப் படிப்பு என்று ஒரு தனியார் கல்லூரியில் சேர்ந்தான். இதே மாதிரி ஒரு வழிகாட்டி நாளில் கொடுத்த வண்ணத் தாளைப் பார்த்துத்தான் சேர்ந்தான். பிடிபிடிஎன் கல்விக் கடன் வாங்கினார்கள். அம்மா நகையும் போனது. படித்து முடித்த பிறகுதான் தெரிந்தது, அந்தக் கல்லூரிக்கு மலேசிய வான் போக்குவரத்து ஆணையம் பயிற்சிக் கூடங்களுக்குத் தரும் பார்ட் 147 அங்கீகாரம் இல்லை. விமானத்தைப் பராமரிப்பவர்களுக்கு வேண்டிய பார்ட் 66 உரிமத்துக்கு அந்தப் படிப்பு கணக்கில் வராது. பையன் இப்போது பார்சல் கொண்டுபோய்க் கொடுக்கும் வேலை செய்கிறான். கடன் அப்படியே நிற்கிறது. கல்லூரியின் பெயரை எழுதி வம்பை விலைக்கு வாங்க நான் வரவில்லை. ஆனால் உங்கள் மேசையில் இடம் கேட்கும் எந்தக் கல்லூரியிடமும் முதலில் இதைக் கேளுங்கள்: "பார்ட் 147 இருக்கிறதா? கடிதத்தைக் காட்டுங்கள்." அங்கீகாரம் பெற்றவர்களின் பட்டியலை ஆணையமே இணையத்தில் போட்டிருக்கிறது. பேச்சு மழுப்பலாக இருந்தால் மேசை கொடுக்க வேண்டாம். இதில் தயவு தாட்சண்யம் பார்க்கக் கூடாது, உங்கள் குழுவுக்கு எவ்வளவு நன்கொடை கொடுத்தாலும் சரி.

விமானியை அழைக்க வேண்டாம் என்று நான் சொல்லவில்லை. சட்டையைப் பார்த்துத்தான் பிள்ளைகள் மேசைக்கே வருவார்கள், வரட்டும். ஆனால் பக்கத்தில் ஒரு ஸ்டோர் ஆள், ஒரு தர ஆய்வாளர், ஒரு சுங்க முகவர் உட்காரட்டும். அடுத்து, நம் ஊர்த் தொழிற்சாலைக்குப் பிள்ளைகளை அழைத்துப் போக நிர்வாகத்துக்கு முறையாக எழுதிக் கேளுங்கள். குழுவின் பெயரில் கடிதம் போனால் மதிப்பு இருக்கும், என்னைப் போல் தனி ஆள் எழுதினால் குப்பைக் கூடைக்குப் போகும். பெற்றோரையும் கூட்டிப் போங்கள், முக்கியமாகப் பெண்பிள்ளைகளின் அம்மாக்களை. இரவு ஷிப்ட் என்றவுடன் வீட்டில் கதவைச் சாத்திவிடுகிறார்கள். அந்த ஸ்டோர் எவ்வளவு வெளிச்சமாக இருக்கிறது, யார் யார் வேலை செய்கிறார்கள், கம்பெனி வேன் வருகிறதா என்று நேரில் பார்த்தால் பாதிப் பயம் போய்விடும். சுபாங் பக்கம் வேலை என்றால் செரண்டாவிலிருந்து கொம்யூட்டர் ரயில் இருக்கிறது. ஆனால் இறங்கிய பிறகு பட்டறைவரை போவதுதான் தொல்லை. வேலைக்கு ஆள் கேட்டு வரும் நிறுவனங்களிடம் சம்பளத்துக்கு முன்னால் போக்குவரத்தைப் பற்றிக் கேட்கப் பிள்ளைகளுக்குச் சொல்லிக் கொடுங்கள்.

நீங்கள் சரி என்றால் அந்த மேசைக்கு நானே வருகிறேன். வெறும் கையோடு வர மாட்டேன். பயன்படாது என்று ஒதுக்கிய பாகங்களை யாரும் திரும்ப விற்றுவிடாதபடி குறுக்கே வெட்டிச் சிதைத்துத்தான் குப்பைக்கு அனுப்புவோம்; மேலாளரிடம் கேட்டு அப்படி வெட்டிய சில துண்டுகளையும், பாகத்தின் நிலையைக் குறிக்கக் கட்டும், இன்னும் எழுதாத சிவப்பு, மஞ்சள் அட்டைகளையும், பெயர் மறைத்த பழைய சான்றிதழ் நகல்களையும் கொண்டு வருகிறேன். பத்துத் தாளில் தவறான ஒன்றைக் கண்டுபிடிக்கச் சொல்லிப் பிள்ளைகளுக்குப் போட்டி வைக்கலாம். வழிகாட்டி நாளை மட்டும் ஞாயிற்றுக்கிழமையில் வையுங்கள். சனிக்கிழமை எனக்கு ஷிப்ட் இருக்கிறது, மாற்றிக்கொள்ள இரண்டு வாரம் முன்னால் சொல்ல வேண்டும்.

இப்படிக்கு,
செரண்டா வட்டாரத்தில் வளர்ந்து சுபாங்கில் ஸ்டோர் வேலை பார்க்கும் ஒருத்தி